பிள்ளைக்கு எழுதப்படாத தள்ளுதற்சீட்டு



பண்டிகை விடுமுறை வந்துவிட்டால் ஏதாவதொரு தொலைக்காட்சியில் ‘அவ்வை சண்முகி’ ஓடிக்கொண்டிருக்கும். 1996-ஆம் ஆண்டு தீபாவளிக்கு வெளிவந்த படம். உங்களில் நடுவயதைத் தாண்டியவர்கள் கொட்டகையில் வரிசையில் நின்று பார்த்திருப்பீர்கள். உங்கள் பிள்ளைகள் கைப்பேசியில் துண்டுதுண்டாகப் பார்த்திருப்பார்கள். விவாகரத்துப் பெற்ற ஒரு தகப்பன், மகளைப் பிரிந்திருக்க முடியாமல், மடிசார் கட்டிய மாமியாக வேடமிட்டு, அவளைக் கவனித்துக்கொள்ளும் வேலைக்கு மனைவியின் வீட்டிலேயே சேர்ந்துவிடுகிறான். கதை இதுதான். நம் சேகரத்தில் இதைப் பற்றி இரண்டு விதமான பேச்சு என் காதில் விழுகிறது. ‘தேவன் இணைத்ததைப் பிரித்துவிட்டு அதை வைத்துச் சிரிப்புக் காட்டுகிறார்கள், இதையெல்லாம் விசுவாசிகள் பார்க்கலாகாது என்று ஐயா கண்டித்துப் பேச வேண்டும்’ என்பது ஒரு சாராரின் பேச்சு. ‘கடைசியில் சேர்ந்துவிடுகிறார்களே, அப்புறம் என்ன, நல்ல குடும்பப் படம்தானே’ என்பது மற்றொரு சாராரின் பேச்சு.

இரண்டையும் நான் மறுக்கிறேன். முதற்கூட்டத்தார் கண்டிக்க வேண்டிய இடத்தை விட்டுவிட்டு வேறிடத்தைக் கண்டிக்கிறார்கள். இரண்டாம் கூட்டத்தார், படத்திலேயே மிகவும் பொய்யான பகுதி எதுவோ அதைப் பிடித்துக்கொண்டு மெச்சுகிறார்கள்.

கே. எஸ். ரவிகுமார் இயக்கத்தில் கிரேசி மோகன் வசனம் எழுதிய படம் அது. ‘மிஸஸ் டவுட்ஃபயர்’ என்ற 1993-ஆம் ஆண்டு அமெரிக்கப் படத்தின் தழுவல். அமெரிக்கப் படமோ, ஆன் ஃபைன் என்ற ஆங்கில எழுத்தாளர் 1987-இல் வெளியிட்ட சிறுவர் நாவலிலிருந்து பிறந்தது. அடுத்த ஆண்டே, 1997-இல், கமல்ஹாசன் இதே கதையை ‘சாச்சி 420’ என்று இந்தியிலும் எடுத்தார். ஆக, லண்டன் தொடங்கி கோவில்பட்டி வரை ஒரே கதை சுற்றி வந்திருக்கிறது. பெற்றோர் பிரிந்தால் பிள்ளை என்ன ஆகும் என்ற பயம் எல்லா ஊருக்கும் பொதுவானது என்பதனால்தான் அது இவ்வளவு தூரம் சுற்றியது. (தமிழ்ப் படத்தில் நாகேஷ் நடித்த ஒப்பனைக்காரருக்கு ஜோசப் என்று நம் பெயரை வைத்து, அவரைக் குடிகாரராகவும் ஆக்கிவிட்டார்கள் என்று சிலருக்கு வருத்தம். அது எனக்குப் பெரிய வழக்காகத் தோன்றவில்லை. நம் ஜோசப்புகளில் குடிக்கிறவர்கள் இல்லையென்று சத்தியம் செய்யத்தக்கவர் யாரேனும் இருந்தால் முன்வரட்டும்.)

கடல் தாண்டி வந்தபோது கதையில் ஒன்று மாறிவிட்டது. முடிவு மாறிவிட்டது. அமெரிக்கப் படத்தில் வேடம் கலைந்த பிறகும் கணவனும் மனைவியும் சேர்வதில்லை. தகப்பன் ஒரு வீட்டிலும் தாய் ஒரு வீட்டிலுமாக வாழ்கிறார்கள். ஆனால் பிள்ளைகளை அன்றாடம் பார்க்கத் தகப்பனுக்கு வழி பிறக்கிறது. பெற்றோர் பிரிந்ததனால் கலங்கி நிற்கும் ஒரு சிறுமிக்கு, அந்தக் கிழவி வேடத்திலேயே அவர் தொலைக்காட்சியில் ஆறுதல் சொல்வதோடு படம் முடிகிறது. தமிழ்ப் படத்தில் மாமி மறைந்துபோகிறாள், கணவன் திரும்பி வருகிறான், குடும்பம் ஒன்றாகிறது. நம்மவர்கள் அப்படித்தான் விரும்புவார்கள் என்று படமெடுத்தவர்கள் கணக்கிட்டார்கள். அந்தக் கணக்குத் தப்பவும் இல்லை.

அமெரிக்க முடிவுதான் உண்மைக்குப் பக்கத்தில் இருக்கிறது என்று ஒரு குருவானவர் சொன்னால் உங்களில் சிலர் திடுக்கிடுவீர்கள். விவாகரத்தை நான் மெச்சுவதாக எண்ண வேண்டாம். மூன்று ஞாயிறு ஓலை வாசித்து, பீடத்தண்டையில் நிறுத்தி, வலது கையைப் பிடித்து இணைத்துவைத்த என் கைகளே, அந்தப் பிணைப்பு அறுந்துபோவதைக் காணும்போது நடுங்குகின்றன. இளவயதின் மனைவிக்குத் துரோகம் செய்கிறவனுக்கு விரோதமாகக் கர்த்தரே சாட்சியாக நிற்கிறார் என்று மல்கியா தீர்க்கதரிசி இரண்டாம் அதிகாரத்தில் சொல்லியிருப்பதை நான் அழித்துவிடவில்லை. ஆனால், ‘சேர்ந்துவிடுவார்கள்’ என்ற ஒற்றை முடிவை மட்டுமே ஏற்றுக்கொள்ளும் சமுதாயம், சேராமற்போன குடும்பத்தின் பிள்ளையை என்ன செய்கிறது? அந்தக் கேள்வியை நாம் கேட்டதே இல்லை. பெற்றோர் சேர்ந்தால் அசனத்தில் முன்வரிசையில் அமர்த்துகிறோம். சேராவிட்டால் அந்தக் குடும்பமே இல்லாததுபோல் நடந்துகொள்கிறோம். நடுவில் ஒரு பிள்ளை நிற்கிறது.

நம் ஊர்ப் பெரியவர்கள் ஒரு வார்த்தை சொல்வதுண்டு. சித்திரை வெயிலில் ஆள் கால் நுழையுமளவு வெடித்துக் கிடக்கும் கரிசல், ஐப்பசியில் நாலு மழை பெய்தால் வெடிப்புத் தெரியாமல் மூடிக்கொள்ளும்; புருஷன் பெண்சாதிச் சண்டையும் அப்படித்தான் என்பார்கள். அழகான பேச்சு. மண்ணைப் பொறுத்தமட்டில் உண்மையும்கூட. ஆனால், இந்தப் பேச்சை நம்பி, குடித்துவிட்டு வந்து அடிக்கிறவனோடு ஒரு பெண்ணை மறுபடியும் மறுபடியும் சேர்த்துவைத்து அனுப்பிய பஞ்சாயத்துகளை நீங்களும் கண்டிருக்கிறீர்கள். ‘சேர்த்து வைத்தோம்’ என்ற பெருமையோடு பெரியவர்கள் காபி குடித்துவிட்டுக் கலைந்துபோவார்கள். அன்று இரவு அந்த வீட்டுக்குள் என்ன நடந்தது என்று கேட்க எவரும் போவதில்லை. சேர்த்துவைத்ததற்குக் கணக்கு வைத்திருக்கிறோம், சேர்த்துவைத்த பிறகு பட்ட அடிக்கு நம்மிடம் கணக்கில்லை.

இனி வேடத்துக்கு வருகிறேன். படத்தின் சிரிப்பு முழுவதும் அதில்தான் இருக்கிறது. ஜெமினி கணேசன் நடித்த மாமனார் தன் மருமகனென்று அறியாமல் மாமியிடம் மனதைப் பறிகொடுக்கிறார். மணிவண்ணன் நடித்த வீட்டுக்காரரும் பின்னாலேயே அலைகிறார். சிரிக்க வேண்டியதுதான், நானும் சிரித்தேன். ஆனால் சிரித்து முடித்தபின் ஒன்றைக் கவனியுங்கள். சமைக்கவும், பிள்ளைக்குத் தலை வாரவும், காய்ச்சலுக்கு மருந்து கொடுக்கவும், பள்ளிப் பாடம் சொல்லித்தரவும் ஒரு ஆண்பிள்ளை பெண்வேடம் போட வேண்டியிருக்கிறது! தகப்பனாக அந்த வீட்டில் இருந்தபோது அவனுக்கு அதெல்லாம் தோன்றவில்லை. அமெரிக்கப் படத்தில் இது இன்னும் வெளிப்படை. கணவனாக இருந்த காலமெல்லாம் வீட்டின் பாரத்தை மனைவியின் தோளில் போட்டுவிட்டு, பிள்ளைகளோடு விளையாட்டுத் தோழனாக மட்டுமே இருந்தவர், கிழவியாக வேடமிட்ட பிறகுதான் சமையலைப் புத்தகத்தைப் பார்த்துக் கற்கிறார், வீட்டுப்பாடத்தை முடிக்காமல் தொலைக்காட்சி கிடையாது என்று பிள்ளைகளிடம் கண்டிப்புக் காட்டுகிறார்.

பிரியமான சகோதரரே, நீங்கள் விவாகரத்துப் பெறாதவராக இருக்கலாம். உங்கள் விவாகம் சபைப் பதிவேட்டில் கறையில்லாமல் இருக்கலாம். உங்கள் மகள் எந்த வகுப்பில் படிக்கிறாள் என்று உடனே சொல்ல உங்களால் முடியுமா? அவளுடைய வகுப்பாசிரியையின் பெயர் தெரியுமா? திருப்பூர் பனியன் கம்பெனிக்கும், வளைகுடாவுக்கும், லாரி ஓட்டத்துக்கும் போயிருக்கிற தகப்பன்மாரை நான் குறைசொல்லவில்லை. மானாவாரி நிலம் சோறு போடாத ஆண்டில் அவர்கள் வேறெங்கே போவார்கள்? வாரம் தவறாமல் பேசுகிற, பணம் அனுப்புகிற, பிள்ளையின் மதிப்பெண் அட்டையைக் கைப்பேசியில் வாங்கிப் பார்க்கிற தகப்பன் ஆயிரம் மைல் தூரத்திலும் தகப்பன்தான். ஊரிலேயே இருந்துகொண்டு, தீப்பெட்டி ஆபீசுக்குப் போய்வந்த மனைவியே சமைத்து, பிள்ளைகளைக் குளிப்பாட்டி, பாடம் கேட்டு, துணி துவைக்க, அந்த நேரமெல்லாம் முக்கில் நின்று அரசியல் பேசுகிறவரைத்தான் கேட்கிறேன். ஒரே கூரையின்கீழ் இருந்துகொண்டு பிள்ளைகளைத் தள்ளிவைத்திருப்பவர்களுக்கு எந்த நீதிமன்றமும் சம்மன் அனுப்புவதில்லை.

வேடத்தைப் பற்றி வேதமும் பேசுகிறது. யாக்கோபு வெள்ளாட்டுக் குட்டியின் தோலைக் கையிலும் கழுத்திலும் போர்த்து, அண்ணனுடைய வஸ்திரத்தை உடுத்து, கண் மங்கிய தகப்பனிடம் போய் ஆசீர்வாதத்தைப் பெற்றுக்கொண்டான். ஆசீர்வாதம் கிடைத்தது, மறுக்க முடியாது. ஆனால் அதற்குப் பிறகு என்ன நடந்தது? சில நாள் போயிரு என்று தாய் அனுப்பினாள். அந்தச் சில நாள் இருபது வருஷமாயிற்று. தாயை அவன் மறுபடி கண்டதாக வேதத்தில் ஓரிடத்திலும் எழுதப்படவில்லை. கலியாண இருட்டில் பெண்ணை மாற்றி லாபான் அவனை ஏமாற்றினான். கடைசியில் அவனுடைய சொந்தப் பிள்ளைகளே வெள்ளாட்டின் இரத்தத்தில் தோய்த்த அங்கியைக் காட்டி, யோசேப்பு செத்தான் என்று அவனை நம்பவைத்தார்கள். வெள்ளாட்டுத் தோலால் தகப்பனை ஏமாற்றியவன், வெள்ளாட்டு இரத்தத்தால் பிள்ளைகளிடம் ஏமாந்தான். இதை எழுதியவர் ஒரு வார்த்தையும் விளக்கம் சொல்லாமல் கதையை அப்படியே விட்டுவிட்டதுதான் ஆச்சரியம்.

ஆகவே, அன்பினால்தானே வேடமிட்டான் என்ற சாக்கு என்னிடம் செல்லாது. அந்த அமெரிக்கப் படத்தில் மூத்த பிள்ளைகள் இருவருக்கும் நடுவில் உண்மை தெரிந்துவிடுகிறது. தாயிடமும் தங்கையிடமும் அதை மறைக்கும் சுமை அவர்கள் தலையில் விழுகிறது. பார்க்கிற நமக்கு அது வேடிக்கை. நிஜ வாழ்க்கையிலோ, பிரிந்த பெற்றோரின் பிள்ளைகள் எல்லாரும் அந்தச் சுமையைத்தான் சுமக்கிறார்கள். அம்மா வீட்டுக்கு யார் வந்தார்கள் என்று அப்பா கேட்கிறார், அப்பா எவ்வளவு சம்பாதிக்கிறார் என்று அம்மா கேட்கிறாள். இரண்டு பக்கத்துக்கும் வேவுகாரனாகவும், இரண்டு பக்கத்துக்கும் பொய் சொல்லப் பழகியவனாகவும் ஒரு எட்டு வயதுப் பையனை ஆக்கிவிடுகிறோம். பிறகு ஞாயிறு பள்ளியில் அவனுக்குப் பத்துக் கற்பனையில் பொய்ச்சாட்சியைப் பற்றிப் பாடம் நடத்துகிறோம்.

நம்முடைய சினிமா இந்த வேடத்தை விடுகிறதாகவும் இல்லை. 2019 பொங்கலுக்கு வந்த ‘விஸ்வாசம்’ படத்தை நம் வாலிபர்கள் கொண்டாடினார்கள். மனைவி மகளை அழைத்துக்கொண்டு பிரிந்துபோக, பல வருஷத்துக்குப் பிறகு அந்தத் தகப்பன் மகளுக்குக் காவலாளாக நிற்கிறான். தான் அப்பன் என்று சொல்லிக்கொள்ளவில்லை. மகளும் அறியவில்லை. அது நகைச்சுவைப் படமன்று, கண்ணீர்ப் படம். ஆனாலும் உள்ளே இருக்கும் எண்ணம் ஒன்றே: பிரிந்துபோன தகப்பன் தன் முகத்தோடு, தன் பெயரோடு பிள்ளையின் முன்னால் நிற்க முடியாது. மாமியாக வரலாம், காவல்காரனாக வரலாம், அப்பனாக மட்டும் வரக்கூடாது. திரைப்படம் இந்த எண்ணத்தை எங்கிருந்து எடுத்தது? நம்மிடமிருந்துதான். ‘உன் அப்பன் செத்துப்போயிட்டான்னு நெனச்சுக்கோ’ என்று பேரப்பிள்ளையின் காதில் ஓதுகிற பாட்டிமார் நம் பெஞ்சுகளில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

இப்போது முதற்கூட்டத்தாருக்கு, அதாவது விவாகரத்தைக் கண்டித்துப் பேசச் சொல்கிறவர்களுக்கு, வேதத்தைத் திறந்து காட்ட விரும்புகிறேன். மத்தேயு 19-ஆம் அதிகாரத்தை நாம் எப்போது வாசித்தாலும் பரிசேயர் கேட்ட கேள்வியோடும் ஆண்டவர் கொடுத்த பதிலோடும் நிறுத்திக்கொள்கிறோம். கலியாண வீட்டில் வாசிக்க அதுவே போதும். தயவுசெய்து இன்னும் சில வசனம் தாண்டிப் போங்கள். தள்ளுதற்சீட்டைப் பற்றிய வாக்குவாதம் முடிந்த மாத்திரத்தில் சிறுபிள்ளைகளைக் கொண்டுவருகிறார்கள். சீஷர்கள் அவர்களை அதட்டித் தடுக்கிறார்கள். ஆண்டவர் சீஷர்களைக் கடிந்து, பிள்ளைகளை அருகில் அழைத்து, அவர்கள்மேல் கைகளை வைக்கிறார். மாற்கு பத்தாம் அதிகாரத்திலும் இதே வரிசை: முதலில் விவாகரத்து, அடுத்த காட்சியில் பிள்ளைகள். சுவிசேஷகர்கள் இருவரும் இப்படி வைத்திருக்க, நாம் நடுவில் கத்தரி போட்டு, முதற்பாதியைக் கலியாணத்துக்கும் பிற்பாதியைச் சிறுவர் ஞாயிறுக்கும் கொடுத்துவிட்டோம். பெரியவர்களின் வழக்கு நடக்கிற அதே வாசலில் பிள்ளைகள் நிற்கிறார்கள் என்பதையும், அந்தப் பிள்ளைகளை அப்புறப்படுத்தப் பார்த்தவர்கள் அந்நியர் அல்லர், ஆண்டவரோடு கூடவே திரிந்த சீஷர்கள் என்பதையும் நாம் காணாமல் போனோம்.

உபாகமம் 24-இல் மோசே தள்ளுதற்சீட்டுக்கு இடம் கொடுத்தார். மனதின் கடினத்தினிமித்தம் கொடுத்தார் என்று ஆண்டவர் விளக்கினார். அந்தச் சீட்டு மனைவிக்கு எழுதப்படுவது. பிள்ளைக்குத் தள்ளுதற்சீட்டு எழுத நியாயப்பிரமாணத்தில் எங்கும் இடமில்லை. கடினமான மனதுக்குக்கூட மோசே அதை அனுமதிக்கவில்லை. மனைவிக்குச் சீட்டு எழுதிய கையோடு பிள்ளையையும் கைகழுவுகிற தகப்பனும், கணவனோடு வழக்குத் தீர்ந்த கையோடு பிள்ளைக்கும் அப்பனுக்கும் நடுவே சுவரெழுப்புகிற தாயும், வேதத்தில் இல்லாத ஒரு சீட்டைத் தாங்களே எழுதிக்கொள்கிறார்கள்.

சட்டத்தைப் பற்றியும் சில வார்த்தை. நம் சபைக் குடும்பங்கள் வெட்கத்தினால் இதைக் கேட்டுத் தெரிந்துகொள்வதே இல்லை. பிறகு தரகர்களிடம் ஏமாறுகிறார்கள். நமக்குரிய விவாகரத்துச் சட்டம் வெள்ளையர் காலத்தில், 1869-இல் இயற்றப்பட்டது. அதன்படி, மனைவி விபசாரம் செய்தாள் என்று காட்டினால் கணவனுக்குப் போதும். மனைவிக்கோ, கணவனின் விபசாரத்தோடு கொடுமை அல்லது கைவிடுதல் போன்ற இன்னொரு குற்றத்தையும் சேர்த்து நிரூபித்தாலொழிய விடுதலை கிடையாது. இந்த அநியாயத்தை 130 ஆண்டுகளுக்கும் மேலாகச் சுமந்துகொண்டு, அதையே பரிசுத்தம் என்று சொல்லிக்கொண்டிருந்தோம். 2001-ஆம் ஆண்டுத் திருத்தம்தான் இருபாலருக்கும் ஒரே காரணங்களை வைத்தது; இருவரும் மனமொத்துப் பிரியும் வழியையும் அப்போதே 10-அ என்ற பிரிவாகச் சேர்த்தது. அதற்கு இரண்டு ஆண்டு பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும் என்று அந்தப் பிரிவு சொன்னது. இந்து விவாகச் சட்டத்தில் ஓராண்டுதான். கேரள உயர்நீதிமன்றம் 2010-இல் நமக்கும் ஓராண்டு என்றே அதைப் பொருள்கொண்டது.

ஓராண்டோ இரண்டாண்டோ, அந்தக் காத்திருப்புக் காலத்தில் பிள்ளை எங்கே இருக்கிறது என்பதே என் கவலை. நான்கு வயதில் அப்பாவின் தோளிலிருந்து இறக்கப்பட்ட பிள்ளை, வாய்தாக்கள் முடிவதற்குள் ஆறு வயதாகி, அப்பாவைக் கண்டால் பாட்டியின் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொள்கிறது. பிள்ளை யாரிடம் வளர வேண்டும் என்பதற்கு, தாயின் உரிமையையும் தகப்பனின் உரிமையையும்விடப் பிள்ளையின் நலனே முதன்மை என்று நம் நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. பெற்றோர் இருவரும் சேர்ந்து வளர்க்கும் முறைக்குச் சட்டத்தில் இடம் வேண்டுமென்று இந்தியச் சட்ட ஆணையம் 2015-இல் தன் 257-ஆவது அறிக்கையில் பரிந்துரைத்தது. பிள்ளையை ஒரு கையிலிருந்து மறு கைக்கு எறிகிற பொருளாக நடத்தலாகாது என்றும், நேரில் பார்க்க முடியாத தகப்பனோ தாயோ தொலைபேசியிலும் காணொளியிலும் பேச வழிசெய்ய வேண்டும் என்றும் உச்சநீதிமன்றம் 2020 ஜனவரியில் ஒரு தீர்ப்பில் கூறியது. நீதிமன்றத்துக்கு இருக்கிற இரக்கம் சபைக்கு இருக்க வேண்டாமா?

இங்கே ஒரு வரம்பையும் சொல்லியாக வேண்டும். இல்லையென்றால் என் வார்த்தையைத் திருப்பிப் பிடித்துக்கொண்டு தவறானவர்கள் வந்து நிற்பார்கள். எல்லாத் தகப்பனுக்கும் வாசலைத் திறந்துவிடுங்கள் என்று நான் சொல்லவில்லை. மனைவியையும் பிள்ளையையும் அடித்தவன், மிரட்டியவன், பிள்ளையைப் பார்க்கும் சாக்கில் மனைவியைத் துரத்துகிறவன், இவர்களுக்கு இந்தக் கடிதத்தில் ஆறுதல் எதுவும் இல்லை. 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின்படி, தகப்பனின் சந்திப்பு பிள்ளைக்குத் தீங்காகும் என்று மாஜிஸ்திரேட் கருதினால் அதை மறுக்க வேண்டும். அந்த மறுப்பு நியாயமானது. அப்படி ஓடிவந்த தாய்க்கு, ‘பிள்ளைக்கு அப்பன் வேண்டாமா’ என்று உபதேசம் செய்யப் போகாதீர்கள். அவளுக்கு அது தெரியாமலில்லை.

பணத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். பிள்ளைப் பாசத்தைப் பேசும் படத்துக்குக் கண்ணீர் விடுகிற சில தகப்பன்மார், மாதாந்தர ஜீவனாம்சம் என்றதும் வழக்கறிஞரைத் தேடி ஓடுகிறார்கள். வேலையை விட்டுவிட்டதாகக் காட்டுகிறார்கள், நிலத்தைத் தம்பி பெயருக்கு மாற்றுகிறார்கள். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பழைய 125-ஆம் பிரிவு, இப்போது புதிய சட்டத்தில் 144-ஆம் பிரிவாக அப்படியே நிற்கிறது. பெயர் மாறினாலும் கடமை மாறவில்லை. தன் சொந்த வீட்டாரைக் கவனியாதவன் அவிசுவாசியிலும் கெட்டவன் என்ற கருத்தில் பவுல் தீமோத்தேயுவுக்கு எழுதியிருக்கிறார். அதில் விவாகரத்துப் பெற்றவர்களுக்கு விலக்கு எதுவும் சேர்க்கவில்லை. பள்ளிக் கட்டணத்தை நிறுத்திவிட்டு, பிறந்தநாளுக்கு மட்டும் பெரிய பொம்மையோடு வந்து நிற்கிறவர்களே, பொம்மையைத் திருப்பிக் கொடுத்துவிட்டு அந்தக் காசில் நோட்டுப் புத்தகம் வாங்கிக் கொடுங்கள்.

இப்போது நம் சபைக்குள் வருகிறேன், இதைச் சொல்லத்தான் இவ்வளவும் எழுதினேன். திடப்படுத்தல் ஆராதனைக்குப் பிள்ளை வெள்ளுடையில் நிற்கும்போது, தாயின் வீட்டார் முன்வரிசை முழுவதையும் பிடித்துக்கொள்கிறார்கள். தகப்பன் கடைசிப் பெஞ்சில், தூணுக்குப் பின்னால், தாமதமாக வந்து உட்கார்ந்துவிட்டு, ஆசீர்வாதம் முடிவதற்கு முன் எழுந்து போய்விடுகிறார். அவரைப் பார்த்து ஒருவரும் ‘ஸ்தோத்திரம்’ சொல்வதில்லை. அறுப்பின் பண்டிகை ஏலத்தில் அவர் ஒரு பூசணிக்காயை நூறு ரூபாய்க்குக் கேட்டால், வேண்டுமென்றே நூற்றைம்பதுக்குக் கேட்டு அவரை விரட்டுகிறார்கள். கிறிஸ்துமஸ் நாடகத்தில் மகன் மேய்ப்பனாக நடிப்பதை அவர் வாசலுக்கு வெளியே செருப்புகளின் பக்கத்தில் நின்று பார்க்கிறார். தாய் விவாகரத்துப் பெற்றவளானால் நிலைமை இதைவிட மோசம். பெண்கள் ஐக்கிய சங்கத்தில் அவள் ஜெபிக்க எழுந்தால் கண்கள் ஒன்றையொன்று பார்த்துக்கொள்கின்றன. இவ்வளவையும் செய்துவிட்டு நாம் வீட்டுக்குப் போய், மாமி வேடத்திலுள்ள தகப்பனுக்காகச் சிரித்து, உருகி, ‘பாவம், பிள்ளைமேல் எவ்வளவு பாசம்’ என்கிறோம். திரையில் இருக்கிறவனுக்கு இரங்குகிற நமக்கு, தூணுக்குப் பின்னால் இருக்கிறவரைத் திரும்பிப் பார்க்க மனம் வரவில்லை. அவரும் பேசாமல் ஒரு வேடம் போட்டுக்கொண்டு வந்திருக்கலாம் போலும்.

ஆபிரகாமை விசுவாசத்தின் தகப்பன் என்கிறோம். ஆகாரையும் இஸ்மவேலையும் அப்பமும் ஒரு துருத்தித் தண்ணீரும் கொடுத்து அனுப்பிவிட்டவரும் அவரே. மகனைக் குறித்து அந்தக் காரியம் அவருக்கு மிகுந்த துக்கமாயிருந்தது என்று வேதம் மறைக்காமல் சொல்கிறது. அனுப்பப்பட்ட பிள்ளையின் அழுகையை வனாந்தரத்தில் தேவன் கேட்டார். பிறகு பல அதிகாரங்கள் இஸ்மவேலைப் பற்றிப் பேச்சே இல்லை. ஆதியாகமம் 25-ஆம் அதிகாரத்தில், ஆபிரகாம் பூரண வயதில் மரித்தபோது, மக்பேலா குகையில் அவரை அடக்கம்பண்ணினவர்கள் ஈசாக்கும் இஸ்மவேலும் என்று எழுதியிருக்கிறது. அனுப்பப்பட்டவன் தகப்பனின் அடக்கத்துக்கு வந்து நிற்கிறான், தன் சொந்தப் பெயரோடு, தம்பியோடு தோள்கொடுத்து. யார் அவனுக்குச் செய்தி அனுப்பினார்கள்? வனாந்தரத்துக்கும் எபிரோனுக்கும் நடுவில் வழியை அடைத்துப்போடாமல் வைத்திருந்தவர்கள் யார்? அந்தப் பெயர்கள் வேதத்தில் இல்லை. இஸ்மவேல் வந்தான் என்பது மட்டும் இருக்கிறது.

ஆகவே சேகரக் கமிட்டியின் முன் சில காரியங்களை வைத்திருக்கிறேன். ஞானஸ்நானம், திடப்படுத்தல் அறிவிப்புகளில் தாய் தகப்பன் இருவர் பெயரையும் வாசிப்போம், எந்த வீட்டார் வந்து வேண்டாமென்று கேட்டாலும். பாதுகாப்புக் காரணத்துக்காக நீதிமன்றம் தடுத்திருந்தால் மட்டுமே விலக்கு. பிரிந்த பெற்றோரின் பிள்ளைகளிடம் ஞாயிறு பள்ளி ஆசிரியர்கள் வீட்டு விவகாரம் கேட்பதை இன்றோடு நிறுத்த வேண்டும். ‘அப்பாவுக்கு வாழ்த்து அட்டை’ செய்யச் சொல்லும்போது, கொடுக்க வழியில்லாத பிள்ளை வகுப்பில் இருக்கிறதா என்று முன்கூட்டியே பார்த்துக்கொள்ளுங்கள். மற்றொன்று, சந்திப்புக்கு இடம். நீதிமன்றம் பார்க்க அனுமதித்த தகப்பன்மாருக்கும் தாய்மாருக்கும் இப்போது கிடைப்பது நீதிமன்ற வளாகத்து வேப்பமரத்தடியும், பேருந்து நிலையத்துத் தேநீர்க் கடையும்தான். இரண்டு பக்கத்து உறவினரும் முறைத்துக்கொண்டு நிற்க, கையில் ஒரு பொட்டலம் கடலைமிட்டாயோடு பிள்ளையிடம் என்ன பேசுவதென்று தெரியாமல் ஒரு மணி நேரத்தைக் கழித்துவிட்டுப் போகிறார்கள்.

நம் ஆலயத்துக்குப் பின்னால் ஞாயிறு பள்ளி அறை, இரண்டாம் ஆராதனை முடிந்தபின் மாலை வரை பூட்டியே கிடக்கிறது. மின்விசிறி இருக்கிறது, சிறு நாற்காலிகள் இருக்கின்றன, படப் புத்தகங்கள் அலமாரி நிறைய இருக்கின்றன. வருகிற மாதம் முதல் ஞாயிறிலிருந்து அந்த அறை ஐந்து மணி வரை திறந்திருக்கும். சாவி என்னிடம் இருக்கும். வாசலில் நான் இருப்பேன், என்னால் முடியாத வாரத்தில் என் மனைவி இருப்பாள். உள்ளே யாரும் எட்டிப் பார்க்கக் கூடாது. வேறு சபையாரும், வேறு மதத்தாரும் வரலாம். வருகிறவர்கள் இரண்டு நாளுக்கு முன் எனக்குத் தெரிவித்தால் போதும், காரணம் சொல்ல வேண்டியதில்லை.